அப்பா படத்தைப் பெரிதாக்கக் கொடுத்து ரூ.3,200 போச்சு

வண்ணாரப்பேட்டைப் பக்கம் போட்டோ பிரேம் போடுகிற கடை. பேர் வேண்டாம். வர்ற ஞாயிற்றுக்கிழமை அப்பாவுக்குப் படத்திறப்பு. வீட்டில் இருந்த ஒரே நல்ல படம் 4-க்கு 6 இன்ச். நாலு மடங்காக, 16-க்கு 24 கேட்டேன். கடைக்காரர் படத்தை இரண்டு கையாலும் வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். "நம்ம அப்பா மாதிரிக்கா, நானே உக்காந்து பண்றேன்." அதற்கு மேல் யாருக்குச் சந்தேகம் வரும்? ரூ.3,200-ஐயும் அங்கேயே ஜிபே பண்ணினேன்.

வந்த படத்தில் இருப்பது எங்கள் அப்பாவே இல்லை. ஒட்டின கன்னம் உப்பி, கழுத்து தோளுக்குள் இறங்கிவிட்டது. துறைமுகத்தில் மூட்டை தூக்கிய உடம்பு அது! வாட்ச் டயலும் நீள்வட்டமாகத் தெரிந்தது. ஸ்கேல் வைத்தேன். பழைய படத்தில் டயல் அகலம் 3 மி.மீ., உயரமும் 3. நாலு மடங்கென்றால் இரண்டுமே 12 வரணும். இதில் அகலம் 12, உயரம் 10. பிரேமை அளந்தால் 16-க்கு 20. கையிருப்பில் கிடந்த பிரேமுக்காக அப்பாவை அமுக்கியிருக்கிறார்கள். பில்லில் மட்டும் 16-க்கு 24. 384 சதுர இன்ச்சுக்குக் காசு வாங்கிக்கொண்டு 320 தந்திருக்கிறார்கள்.

கேட்டால், "பெருசு பண்ணா முகம் அகலமாத்தான்க்கா தெரியும்." அகலமும் உயரமும் ஒரே மடங்கில் போனால் முகம் எப்படி மாறும்? அப்புறம், "கம்ப்யூட்டர் தானாப் பண்ணிடுச்சு." அப்புறம் ஓனர் ஊரில் இல்லையாம். கண்ணில் ஒற்றிக்கொண்டவரே ஓனர்தான் என்று பக்கத்து டீக்கடையில் சொன்னார்கள். கடைசியில் 'ரிட்டர்ன் கிடையாது' என்று சுவரில் ஒட்டிய தாளைக் காட்டினார். முழுசாக ரூ.3,200. வாட்ஸ்அப்பில் நீல டிக் விழுகிறது, பதில் இல்லை.

விவரமாக எழுத நினைத்தேன், கை ஓடவில்லை. 4-க்கு 6 படம் 8-க்கு 12, 12-க்கு 18, 16-க்கு 24 என்றால் அப்படியே பெரிதாகும். 8-க்கு 10, 16-க்கு 20 என்றால் ஓரத்தை வெட்டணும், இல்லை வெள்ளை விளிம்பு விடணும். எது என்று முதலிலேயே கேளுங்கள். பிரின்ட் போடும் முன் ஸ்கிரீனில் பொட்டு, பொத்தான், வாட்ச் வட்டமாக இருக்கிறதா பாருங்கள். முழுப் பணம் தராதீர்கள்.

நுகர்வோர் உதவி எண் 1915-க்குப் போன் பண்ணிப் புகார் கொடுத்தாச்சு. தண்டையார்பேட்டை, ராயபுரம் பக்கம் சனிக்கிழமைக்குள் ஒழுங்காகப் போட்டுத் தருகிற கடை தெரிந்தால் சொல்லுங்கள். 12-க்கு 18 ஆனாலும் போதும்.