யங் லைவ்ஸ் தரவுத்தொகுப்பு: யாருக்கு உதவும், எங்கே காலை வாரும்

ஒரே குழந்தையை ஒரு வயதிலும், பிறகு 5, 8, 12, 15 வயதிலும் தேடிப்போய் அளந்து, அந்தத் தரவை வெளியாரும் எடுத்துப் பயன்படுத்தக் கொடுக்கும் ஆய்வுகள் ஏழை நாடுகளில் குறைவு. ஆக்ஸ்ஃபோர்டு பல்கலைக்கழகம் நடத்தும் யங் லைவ்ஸ் அப்படிப்பட்ட ஒன்று. எத்தியோப்பியா, இந்தியா, பெரு, வியட்நாம் ஆகிய நான்கு நாடுகளில் சுமார் 12,000 பிள்ளைகளை 2002 முதல் பின்தொடர்கிறது. முனைவர் பட்டத்துக்கோ, கொள்கை ஆய்வுக்கோ இதை எடுக்க நினைப்பவர்கள் ஒன்றை முதலிலேயே மனத்தில் வைக்க வேண்டும்: 'எத்தனை சதவீதம்' என்று கேட்டால் இந்தத் தரவு தப்பான பதிலைத் தரும். 'அதே பிள்ளைக்கு அடுத்து என்ன ஆயிற்று' என்று கேட்டால், இதைப் போல் பதில் சொல்லக்கூடிய தரவு இந்தியாவுக்கு வேறு அதிகம் இல்லை.

காரணம் மாதிரி எடுத்த விதம். ஒவ்வொரு நாட்டிலும் 20 இடங்களை வேண்டுமென்றே, ஏழ்மையான பகுதிகளுக்கு முன்னுரிமை தந்து தேர்ந்தெடுத்தார்கள். அதன் பிறகுதான் அந்த இடங்களுக்குள் குடும்பங்கள் தேர்வாயின. பெருவில் மட்டும் மிகப் பணக்கார 5 சதவீத மாவட்டங்களைக் கழித்துவிட்டு மற்றவற்றிலிருந்து இடங்களைக் குலுக்கலாக எடுத்தார்கள். 'இந்தியா' என்று கோப்பில் இருப்பது பழைய ஒருங்கிணைந்த ஆந்திரப் பிரதேசம் மட்டுமே: ஸ்ரீகாகுளம், மேற்கு கோதாவரி, அனந்தபூர், கடப்பா, கரீம்நகர், மகபூப்நகர், ஹைதராபாத். 2014-இல் மாநிலம் பிரிந்த பிறகு இது இரண்டு மாநிலத் தரவு. ஆகவே 'இந்தியாவில் வளர்ச்சி குன்றிய குழந்தைகள் இத்தனை' என்று இதை வைத்து எழுதக் கூடாது. அதற்குத் தேசிய குடும்பநல ஆய்வு இருக்கிறது. நாட்டுக்கு நாடு தரவரிசை போடுவதும் இதே வகைத் தவறு.

பிள்ளைகள் இரண்டு குழுக்களாக இருக்கிறார்கள். 2001-02-இல் பிறந்தவர்கள் இளைய குழு, 1994-95-இல் பிறந்தவர்கள் மூத்த குழு. இந்தியாவில் இளையவர்கள் 2,011 பேர், மூத்தவர்கள் 1,008 பேர். நேரடிச் சுற்றுகள் 2002, 2006-07, 2009-10, 2013-14, 2016-17 ஆண்டுகளில் நடந்தன. இந்த அமைப்பில் ஒரு கெட்டிக்காரத்தனம் இருக்கிறது. மூத்தவர்கள் முதல் சுற்றில் 8 வயது, இளையவர்கள் மூன்றாம் சுற்றில் 8 வயது. அதே போல் 12 வயதுக்கு இரண்டாம் சுற்றும் நான்காம் சுற்றும், 15 வயதுக்கு மூன்றாம் சுற்றும் ஐந்தாம் சுற்றும் ஜோடி. ஒரே ஊரில், ஒரே வயதில், ஏழு ஆண்டு இடைவெளியில் பிள்ளைகளின் வாழ்க்கை எப்படி மாறியது என்பதை நேருக்கு நேர் வைத்துப் பார்க்கலாம். ஆந்திரத்தில் தனியார் பள்ளிக்குப் போகும் பிள்ளைகள் பெருகியது இந்த ஒப்பீட்டில் பளிச்சென்று தெரியும். ஒரு எச்சரிக்கை: சராசரி வயது ஒன்றாக இருந்தாலும் மாதக் கணக்கு ஒன்றாக இருக்காது. வயதை மாதத்தில் கட்டுப்படுத்தாமல் இரு குழுக்களின் தேர்வு மதிப்பெண்ணை ஒப்பிட்டால், சில மாத மூப்பின் பலன் 'முன்னேற்றம்' என்று வேஷம் போட்டு வந்து நிற்கும்.

தரவு பிரிட்டனின் யூகே டேட்டா சர்வீஸ் காப்பகத்தில் இருக்கிறது. கணக்குத் தொடங்கி, எந்த ஆய்வுக்கு என்று சில வரி எழுதி, பயனர் உரிமத்தை ஏற்றுக்கொண்டால் இறக்கிக்கொள்ளலாம். வணிகம் சாராத ஆய்வுக்குக் கட்டணம் இல்லை. ஸ்டேட்டா, எஸ்பிஎஸ்எஸ் ஆகிய புள்ளியியல் மென்பொருள்களின் வடிவங்களோடு, தாவல் பிரித்த சாதா கோப்புகளாகவும் கிடைக்கும். ஆர் மென்பொருள் பழக்கம் உள்ளவர்களும் ஸ்டேட்டா வடிவத்தையே எடுப்பது நல்லது. மாறிகளின், அதாவது ஒவ்வொரு நெடுவரிசையிலும் உள்ள விவரத்தின், விளக்கமும் குறியீட்டுப் பெயர்களும் அதில் ஒட்டிக்கொண்டே வரும். சாதா கோப்பை எடுத்தால் மாறிகளை விளக்கும் அகராதியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு உட்கார வேண்டியதுதான்.

முதல் நாளே ஐந்து சுற்றுகளின் மூலக் கோப்புகளையும் அள்ளிப்போட வேண்டாம். '7483' என்ற எண்ணில் ஆய்வுக்குழுவே தயாரித்த தொகுப்புக் கோப்பு இருக்கிறது. உயரம், எடை, பள்ளிச் சேர்க்கை, வீட்டுச் செல்வக் குறியீடு, பெற்றோர் விவரம் எல்லாம் ஐந்து சுற்றுகளுக்கும் ஒரே பெயரில் அடுக்கப்பட்டிருக்கும். இந்தியக் கோப்பில் 3,019 பிள்ளைகள், ஆளுக்கு ஐந்து வரிசை, ஆக 15,095 வரிசைகள். இங்கேதான் முதல் சறுக்கல். அந்தச் சுற்றில் கண்டுபிடிக்க முடியாத பிள்ளைக்கும் வரிசை உண்டு. சுற்றில் இருந்தாரா என்று சொல்லும் மாறியை வைத்து வடிகட்டாமல் எண்ணினால் ஒருவர்கூட விலகவில்லை என்ற அதிசயம் வரும். நிஜத்திலும் விலகியவர்கள் குறைவுதான். 15 ஆண்டுகளில் இளைய குழுவில் பத்தில் ஒரு பங்கை எட்டவில்லை. ஊர் மாறிப் போனவர்களையும் தேடிப்போய்ப் பிடித்திருக்கிறார்கள், அந்த உழைப்பைப் பாராட்டாமல் இருக்க முடியாது. ஆனாலும் யார் விலகினார்கள் என்பதை முதல் சுற்று விவரங்களோடு ஒப்பிட்டு ஒரு அட்டவணை போட்டே ஆக வேண்டும்.

இரண்டாவது சறுக்கல் தாயின் கல்வி. 0 முதல் 12 வரை படித்த வகுப்பு, 13-உம் 14-உம் அதற்கு மேற்பட்ட படிப்பு. அதே மாறியில் 28 என்றால் முதியோர் எழுத்தறிவு வகுப்பு, 29 என்றால் சமயக் கல்வி. இதை அப்படியே சமன்பாட்டில் போட்டால், இரவுப் பள்ளியில் கையெழுத்துப் போடக் கற்ற அம்மா 28 ஆண்டு படித்தவர் ஆகிவிடுவார்! மூலக் கோப்புகளில் 'தெரியாது', 'பொருந்தாது' ஆகியவற்றுக்கு 77, 88, 99 போன்ற எண்கள் இருக்கும். அவற்றை வெற்றிடமாக்கிவிட்டுத்தான் சராசரி பார்க்க வேண்டும்.

குடும்ப உறுப்பினர் பட்டியலைச் சேர்க்கும்போதும் கவனம் வேண்டும். பிள்ளைக் கோப்பில் ஒரு பிள்ளைக்கு ஒரு வரிசை, உறுப்பினர் கோப்பில் வீட்டில் உள்ள ஒவ்வொருவருக்கும் ஒரு வரிசை. அடையாள எண்ணை மட்டும் வைத்து இணைத்தால் 2,011 பிள்ளைகள் பல மடங்காகப் பெருகிவிடுவார்கள். முதலில் உறுப்பினர் கோப்பை வீட்டுக்கு ஒரு வரிசையாகச் சுருக்குங்கள், அல்லது தாயின் உறுப்பினர் எண்ணையும் சேர்த்துப் பொருத்துங்கள். சுற்றுக்குச் சுற்று அந்த எண் அதே ஆளைத்தான் குறிக்கிறதா என்று பாலினத்தையும் வயதையும் வைத்துச் சோதித்துவிடுவது பிற்பாடு வரும் தலைவலியைத் தவிர்க்கும்.

உயர அளவுகளின் தரம் நல்லது. உலக சுகாதார நிறுவனத்தின் 2006 தரமும், 5 வயதுக்கு மேல் 2007 ஒப்பீட்டு அளவும் வைத்துக் கணக்கிட்ட இசட் மதிப்புகள் (அந்த வயதுச் சராசரியிலிருந்து பிள்ளை எத்தனை திட்ட விலக்கம் தள்ளி இருக்கிறது என்ற எண்) தயாராக இருக்கின்றன. நம்ப முடியாத மதிப்புகளுக்குக் கொடி போட்டிருப்பார்கள். கொடி போட்டவற்றை நீக்குங்கள். வாசிப்பதில்தான் சிக்கல். ஒரு வயதில் குன்றியிருந்த பிள்ளை எட்டு வயதில் 'மீண்டுவிட்டது' என்று பலர் எழுதுகிறார்கள். வயது ஏற ஏற உயரத்தின் திட்ட விலக்கம், அதாவது பிள்ளைகளின் உயரம் சராசரியைச் சுற்றிச் சிதறியிருக்கும் அளவு, சென்டிமீட்டரில் பெரிதாகிறது. அதனால் சராசரிப் பிள்ளையோடு உள்ள இடைவெளி சென்டிமீட்டரில் கூடிக்கொண்டே போனாலும் இசட் மதிப்பு ஏறலாம். இரண்டு கணக்கையும் போட்டுக் காட்டாத ஆய்வை நம்ப யோசிக்க வேண்டும். 12 வயதில் இன்னொரு கலப்படம் சேர்கிறது: சீக்கிரம் பருவமடைந்த பெண் திடீரென வளர்ந்திருப்பாள், அது ஊட்டத்தால் வந்த மீட்சி ஆகாது.

சொல்வளத் தேர்வைப் பற்றியும் சொல்ல வேண்டும். பீபாடி படச்சொல் தேர்வில் ஒரு சொல்லைச் சொல்வார்கள், பிள்ளை நான்கு படங்களில் சரியானதைக் காட்ட வேண்டும். எத்தியோப்பியா, இந்தியா, வியட்நாமுக்கு 204 சொற்கள் கொண்ட பதிப்பு. பெருவுக்கு வேறு ஸ்பானியப் பதிப்பு. ஆங்கிலத்தில் கடினமான சொல் தெலுங்கில் எளிதாக இருக்கலாம். எளிதிலிருந்து கடினத்துக்குப் போகும் சொல் வரிசை குலைந்துவிடும். நான்காம் சுற்றில் தேர்வையும் சுருக்கிவிட்டார்கள். ஆக, வெறும் மதிப்பெண்ணைச் சுற்றுக்குச் சுற்று கழித்துப் பார்ப்பதில் பொருளில்லை. பெருவைத் தவிர்த்த மூன்று நாடுகளுக்கும் மதிப்பெண்களைச் சமன் செய்யும் தொழில்நுட்பக் குறிப்பு வெளியாகியிருக்கிறது, அதைப் படித்துவிட்டே தொடங்குங்கள். மொழி வாரியாக ஒப்பிடுவதைத் தவிர்ப்பதே நல்லது.

வீட்டுச் செல்வக் குறியீடு வீட்டின் தரம், பொருட்கள், வசதிகள் ஆகிய மூன்றின் சராசரி, 0 முதல் 1 வரை. எளிமையானது, ஐந்து சுற்றிலும் கிடைக்கும். ஆனால் இதை வருமானம் என்று படித்துவிடாதீர்கள். நுகர்வுச் செலவு முதல் சுற்றில் கேட்கப்படவில்லை, இரண்டாம் சுற்றிலிருந்துதான் உண்டு.

இவ்வளவு குறை சொன்ன பிறகும் இதை ஏன் எடுக்க வேண்டும்? ஒரு எடுத்துக்காட்டு போதும். ஆந்திரத்தில் பள்ளி மதிய உணவு 2003 ஜனவரியில் தொடங்கியது. முதல் சுற்று 2002-இல் முடிந்திருந்தது. இடையில் வறட்சி. வறட்சியில் அடிபட்ட சிறு குழந்தைகளின் வளர்ச்சிப் பாதிப்பை மதிய உணவு ஈடுகட்டியது என்று இந்தத் தரவை வைத்துக் காட்ட முடிந்தது. தமிழ்நாட்டில் சத்துணவு 1982-லேயே வந்துவிட்டதால் 2002-இல் தொடங்கும் எந்தத் தரவாலும் இங்கே முன்னும் பின்னும் பார்த்திருக்க முடியாது. இப்படியொரு ஆய்வைச் செய்பவர்கள் பிழை விளிம்பைக் கணக்கிடும்போது 20 இடங்கள் மட்டுமே இருப்பதை மறக்கக் கூடாது. ஒரே இடத்துப் பிள்ளைகள் ஒருவரையொருவர் ஒத்திருப்பதற்காகச் செய்யும் வழக்கமான தொகுதித் திருத்தம் இவ்வளவு சிறிய எண்ணிக்கையில் பிழையைக் குறைத்துக் காட்டும், தரவையே திரும்பத் திரும்ப மாற்றிப் போட்டுப் பிழையை மதிப்பிடும் வைல்ட் பூட்ஸ்டிராப் முறை பொருந்தும். ஊர்ப் பெயர்கள் மறைக்கப்பட்டிருப்பதால் மழை, பள்ளி போன்ற வெளித் தரவை ஊர் அளவில் ஒட்ட நினைப்பவர்களுக்குக் கை கட்டிப்போட்ட மாதிரிதான். பிள்ளைகளின் அடையாளத்தைக் காக்கச் செய்தது, குறை சொல்ல முடியாது.

தமிழ்நாட்டுக் குழந்தைகளே வேண்டும் என்பவர்கள் குழந்தைகளின் குடல் நோயையும் ஊட்டக்குறைவையும் பற்றி எட்டு நாடுகளில் நடந்த மால்-எட் ஆய்வின் வேலூர் மையத் தரவைப் பார்க்கலாம். அங்கே பிறந்தது முதல் இரண்டு வயது வரை வாரம் இருமுறை வீட்டுக்குப் போய் வயிற்றுப்போக்கும் உணவும் குறித்திருக்கிறார்கள். நோய்க்கும் வளர்ச்சிக்கும் உள்ள தொடர்புக்கு அது கூர்மையானது; பள்ளி, வேலை, திருமணம் என்று நீள்வதற்கு யங் லைவ்ஸ்தான்.

யங் லைவ்ஸில் நேரடி ஆறாம் சுற்றைத் தேடி நேரம் வீணாக்க வேண்டாம். 2020-இல் நேரில் நடக்க வேண்டியது கோவிடால் நின்று, ஐந்து தொலைபேசி அழைப்புகளாக 2020-21-இல் நடந்தது. அடுத்த நேரடிச் சுற்றுக்கு ஏழு என்று எண் கொடுத்தார்கள். தொலைபேசியில் உயரமும் எடையும் அளக்க முடியாது, பக்கத்தில் யார் நின்று கேட்கிறார்கள் என்பதும் தெரியாது. வீட்டுச் சண்டை, மனச்சோர்வு பற்றிய பதில்களை முந்தைய நேர்காணல் பதில்களோடு ஒரே கோட்டில் வரைவதற்கு முன் அதை நினைவில் கொள்ளுங்கள்.