ஊர்ப் பொதுக்காணியை அளந்து தந்த சேவையர்: என் அனுபவம்

திருகோணமலையில் தனியார் நில அளவையாளர், அதாவது சேவையர், தேடுகிறவர்களுக்காக எழுதுகிறேன். எங்கள் ஊர் தம்பலகாமம் பக்கம். நான் மாதர் சங்கப் பொருளாளர். ஊர்க் காசை எண்ணிக் கொடுத்தவள் என்பதால் கொஞ்சம் கறாராகத்தான் எழுதுவேன்.

குளக்கட்டுக்குக் கீழே மாடு மேய்கிற பொதுக்காணியில் பொதுநோக்கு மண்டபத்துக்கு அத்திவாரம் வெட்டினார்கள். மண்டபம் வேண்டாமென்று யாரும் சொல்லவில்லை, மாடு குளத்துக்கு இறங்குகிற பாதையை மறிக்காதீர்கள் என்றுதான் கேட்டோம். ஒரு பின்னேரம் கைகலப்பு வரப் பார்த்தது. பொலிஸ் 66ஆம் பிரிவில் வழக்குப் போட்டுவிட்டது.

1979ஆம் ஆண்டின் 44ஆம் இலக்க முதனிலை நீதிமன்ற நடவடிக்கைமுறைச் சட்டத்தில் வருகிற பிரிவு அது. காணி யாருக்குச் சொந்தம் என்று அதில் தீர்க்க மாட்டார்கள். யார் கைவசம் இருந்தது, பாதை உரிமை யாருக்கு என்பதைத்தான் பார்ப்பார்கள். “அக்கா, வாயால் சொல்லிப் பிரயோசனமில்லை, அளந்த படம் வேணும்” என்றார் எங்கள் சட்டத்தரணி. அப்படித்தான் இந்தச் சேவையரிடம் போனோம். எழுபதை நெருங்கியவர், மாடியில் ஒரு சின்ன அறை.

போனவுடன் அவர் கேட்ட கேள்வி இது: “பிள்ளை, அது மேய்ச்சலுக்கெண்டு ஒதுக்கின காணியோ, இல்லை நீங்கள் மேய்க்கிறதால மேய்ச்சல் தரையோ?” எங்களில் ஒருவருக்கும் பதில் தெரியாது. 1935ஆம் ஆண்டுக் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டப்படி அரச காணியைக் கிராம விஸ்தரிப்பு, கிராமக் காடு, கிராம மேய்ச்சல் என்று பிரித்து ஒதுக்கலாமாம். எப்.வி.பி. என்கிற பழைய கிராமப் படத்தின் பிரதியை எடுத்து வரச் சொன்னார். மண்டபத்தின் வரைபடத்துக்குத் தகவல் உரிமைச் சட்டத்தில் விண்ணப்பம் போட்டோம். 14 வேலை நாளுக்குள் முடிவு சொல்ல வேண்டும். எங்களுக்கு ஒரு நினைவூட்டல் கடிதமும் தேவைப்பட்டது.

அளந்த நாளைச் சொல்ல வேண்டும். காலை ஆறரைக்கே ஆள் வந்துவிட்டார். பழைய படத்தில் தூரமெல்லாம் சங்கிலிக் கணக்கு, ஒரு சங்கிலி 66 அடி. அதை மீற்றருக்கு மாற்றி, ஒரு பனையடியைக் காட்டி “இங்க வெட்டு தம்பி” என்றார். முழங்கால் ஆழத்தில், வேர் சுற்றிப் பிடித்தபடி எல்லைக்கல் கிடந்தது. பக்கத்தில் நின்ற கிழவர்களுக்கே அப்படியொரு கல் இருப்பது தெரியாது.

சேவையர் அளந்த படத்தையும் மண்டபத்தின் வரைபடத்தையும் ஒன்றன்மேல் ஒன்று வைத்துப் பார்த்தபோது தூண் குழிகளில் இரண்டு பாதைக்குள் விழுந்தன. எங்களுக்குச் சந்தோஷம். அப்புறம்தான் எங்கள் ஊர்க் கோயில் வேலியும் பொதுக்காணிக்குள் ஒன்பது பேர்ச் வந்திருப்பது தெரிந்தது. “ஐயா, அதைப் படத்தில போடாமல் விடேலாதோ?” என்று எங்கள் தலைவர் மெல்லக் கேட்டார். “அப்ப கோட்டில நீங்களே சாட்சி சொல்லுங்கோ, நான் வரமாட்டன்” என்றார் சேவையர். நான் அவருக்கு நல்ல பெயர் கொடுப்பது இந்த ஒரு பதிலுக்காகத்தான்.

குறையும் உண்டு. படம் மூன்று கிழமை பிந்தியது. ஒரு வழக்குத் தவணை வீணாகி, வான் வாடகையை இரண்டாம் தடவையும் கொடுத்தோம். 45,000 ரூபாய் என்று பேசியது, பற்றை வெட்டிய கூலி என்று 58,000 ஆனது. பற்றுச்சீட்டை மூன்று தரம் கேட்டு வாங்கினேன். சாட்சிக்கு வருகிற நாளுக்குத் தனிக் காசு, அதை முதலிலேயே கேட்டு எழுதி வாங்குங்கள். குறிப்புகளெல்லாம் ஆங்கிலத்தில் இருந்ததால் தமிழாக்கம் வேறு இடத்தில் செய்ய வேண்டியிருந்தது.

வழக்கு இன்னும் நடக்கிறது. கோயில் வேலியை நாங்களே பிடுங்கி உள்ளே நட்டுவிட்டோம். தலைவர் சேவையரோடு கதைப்பதில்லை. மாரி மழைக்குத் தூண் குழிகள் நிரம்பிவிட்டன. மாடுகள் இப்போது குளம் வரை போகாமல் அதிலேயே குடிக்கின்றன.