மாத்திரையா, காப்பர் டி-யா? கடலூரிலிருந்து ஒரு கணக்கு

போன வருடம் ஒரு சனிக்கிழமை சாயங்காலம், கல்யாணமாகி நான்கு மாதமான என் தோழிக்காக அவசரக் கருத்தடை மாத்திரை தேடிக் கடலூரில் மூன்று மருந்துக்கடை ஏறி இறங்கினேன். ஆணுறை கிழிந்துவிட்டது, அவ்வளவுதான் விஷயம். மூன்றாவது கடைக்காரர் மட்டும் நிமிர்ந்து பார்த்துப் பேசினார்: "அதெல்லாம் நாங்க வைக்கிறதில்லம்மா, பாண்டியில பாருங்க."

லெவோநார்ஜெஸ்ட்ரல் என்ற இந்த மாத்திரையை டாக்டர் சீட்டில்லாமல் விற்கலாம் என்று 2005-லேயே வந்துவிட்டது. இருந்தும் தமிழ்நாட்டுக் கடைகள் பலவற்றில் வைப்பதில்லை. எல்லையிலுள்ள முள்ளோடை தாண்டிப் புதுச்சேரி போனோம். முதல் கடையிலேயே, நாப்கினைப் போலச் செய்தித்தாளில் சுற்றிக் கொடுத்தார்கள். 100 ரூபாய் சொச்சம்.

காசு போனால் போகட்டும், போன நேரம்தான் வலித்தது. 72 மணி நேரம் என்று அட்டையில் இருப்பதை "மூணு நாள் இருக்கே" என்று படிக்கக் கூடாது. கருமுட்டை வெளிவருவதைத் தள்ளிப்போடுவதுதான் இதன் வேலை. அதனால் எவ்வளவு சீக்கிரம் போடுகிறோமோ அவ்வளவு நல்லது. தங்கிவிட்ட கருவை இது ஒன்றும் செய்யாது. கருக்கலைப்பு மாத்திரை வேறு. போட்ட 2 மணி நேரத்துக்குள் வாந்தி எடுத்தால் இன்னொன்று போட வேண்டும். காசநோய்க்கு ரிஃபாம்பிசின், வலிப்புக்கு ஃபெனிட்டாயின் சாப்பிடுகிறவர்களுக்குப் பலன் குறையும். எடை கூடியவர்களுக்கும் குறையலாம்.

கருப்பைக்குள் வைக்கும் காப்பர் டி-யும் இந்த அவசரத்துக்கு உதவும் என்று எந்தக் கடைக்காரரும் சொல்ல மாட்டார். 5 நாளுக்குள் போட்டுக்கொண்டால் 1000 பேரில் ஒருவருக்குத்தான் தவறும். மாத்திரையில் 100-க்கு ஒன்றிரண்டு தவறும். அரசு மருத்துவமனையில் காப்பர் டி இலவசம். 380ஏ வகை 10 வருடம் தாங்கும், வேண்டாமென்றால் எப்போதும் எடுத்துவிடலாம். குழந்தை பெறாதவர்கள் போடக் கூடாது என்பது வெறும் பேச்சு. ஆனால் போடும்போது வலிக்கும், முதல் சில மாதம் உதிரப்போக்கு அதிகமாக இருக்கும். ஞாயிற்றுக்கிழமை ஓ.பி. இருக்காது என்பதும் உண்டு. கடலூர் அரசு தலைமை மருத்துவமனையோ, புதுச்சேரி ராஜீவ் காந்தி மகளிர், குழந்தைகள் மருத்துவமனையோ, திங்கட்கிழமை காலையில் போனாலும் 5 நாள் கணக்குக்குள் அடங்கியிருக்கும். அன்றைக்கு எனக்கு இது தெரியாது. தெரிந்திருந்தால் அவளை அங்கேதான் கூட்டிப்போயிருப்பேன்.

தினமும் போடும் கருத்தடை மாத்திரையான மாலா-டி-யில் பலவற்றைச் சேர்த்துப் போடும் பழைய முறையும் உண்டு. குமட்டல் அதிகம், பலன் குறைவு. வேறு வழியே இல்லாதபோது டாக்டரைக் கேட்டுச் செய்யலாம்.

தோழிக்கு மாதவிலக்கு எட்டு நாள் தள்ளிப்போனது. ஒரு வாரத்துக்கு மேல் தள்ளினால் பரிசோதிக்க வேண்டும். கர்ப்பப் பரிசோதனை அட்டையை மட்டும் கடலூரில் அதே மூன்றாவது கடையில் கேட்டதும் எடுத்துக் கொடுத்தார்கள்.