டோனி பென்னட் – பில் எவன்ஸ்: ஒரு குரல், ஒரு பியானோ

டோனி பென்னட்டின் எழுபதாண்டுப் பாட்டு வாழ்க்கையிலிருந்து ஒரே ஒரு இசைத்தட்டை வாங்க விரும்புவோருக்கு, அவருடைய வெற்றிப் பாடல்களின் தொகுப்பை நான் பரிந்துரைக்க மாட்டேன். 1975 ஜூன் மாதம் கலிபோர்னியாவின் பெர்க்லியில், ஜாஸ் பியானோ கலைஞர் பில் எவன்ஸுடன் அவர் பதிவுசெய்த ஒன்பது பாடல்களையே பரிந்துரைப்பேன். டிரம்ஸ், பாஸ், வயலின் வரிசை என்று எதுவும் இதில் இல்லை. பாடகர் ஒளிந்துகொள்ள இடமே இல்லாத பதிவு இது.

1926இல் நியூயார்க்கின் குயின்ஸ் பகுதியில் இத்தாலிய வம்சாவளிக் குடும்பத்தில் பிறந்து, இரண்டாம் உலகப் போரில் காலாட்படை வீரராக ஜெர்மனியில் போரிட்டுத் திரும்பியபின் முறையாகக் குரல் பயிற்சி பெற்ற பென்னட், 1951இலேயே அமெரிக்க விற்பனைப் பட்டியலில் முதலிடத்தை எட்டியவர். 1962இல் வந்த ‘ஐ லெஃப்ட் மை ஹார்ட் இன் சான்பிரான்சிஸ்கோ’ பாட்டு அவரை உலகறியச் செய்தது. ராக் இசை கடைகளைக் கைப்பற்றிய பிறகு, அன்றன்றைய வெற்றிப் பாடல்களைப் பாடும்படி அவருடைய இசைத்தட்டு நிறுவனமான கொலம்பியா அவரை வற்புறுத்தியது. மனமில்லாமல் சிலவற்றைப் பாடிவிட்டு, எழுபதுகளின் தொடக்கத்தில் அவர் அங்கிருந்து வெளியேறினார். சந்தை அவரை மறக்கத் தொடங்கிய அந்த நேரத்தில் உருவானதுதான் இந்தத் தட்டு.

‘சம் அதர் டைம்’ பாடலைக் கவனித்துக் கேட்க வேண்டும். எவன்ஸின் இடது கை இரண்டே இரண்டு கார்டுகளுக்கு (சேர்ந்து ஒலிக்கும் சுரக்கூட்டுகளுக்கு) இடையே போய்வந்துகொண்டிருக்க (1958இல் தம் தனிப் பியானோ படைப்பு ஒன்றுக்கு அவர் அடித்தளமாக்கிக்கொண்டதும் இதே அசைவுதான்), பென்னட் அவசரமே படாமல், ஒவ்வொரு வரிக்குப் பின்னும் பியானோ பதில் சொல்லும்வரை காத்திருக்கிறார். பக்கவாத்தியம் என்ற நிலை மாறி, இருவர் பேசிக்கொள்வதாகவே பாட்டு நகர்கிறது. எவன்ஸ் தம் அண்ணன் மகளுக்காக இயற்றிய ‘வால்ட்ஸ் ஃபார் டெபி’யில் பொம்மைகளும் கோமாளிகளும் ஊதா நிறக் கரடியும் வருகின்றன, சற்றே தித்திப்பு மிகுந்த அந்த வரிகளைக்கூடக் குழந்தைத்தனமாக ஒலிக்காமல் பென்னட் பாடிவிடுகிறார்.

குறை இல்லாமல் இல்லை. பெரிய அரங்குகளில் பழகிய குரல் என்பதால், சில பாடல்களின் முடிவில் தேவைக்கு மேல் ஓங்கி ஒலிக்கிறது. ‘வென் இன் ரோம்’ என்ற துள்ளல் பாட்டு மற்ற எட்டின் மனநிலையோடு ஒட்டவில்லை. நான் அதைத் தாண்டிச் சென்றுவிடுவது வழக்கம்.

இதற்குப்பின் கடன், போதைப்பழக்கம், மகன் டேனியின் நிர்வாகத்தில் மீட்சி, 1994இல் எம்டிவி இசைத் தொலைக்காட்சியில் நிகழ்ச்சி, அதற்கு ஆண்டின் சிறந்த ஆல்பத்துக்கான கிராமி விருது, 88 வயதில் லேடி காகாவுடன் மீண்டும் முதலிடம் என்று அவர் கதை நீண்டது. 2023இல் 96 வயதில் மறையும்வரை அவர் பெரிதும் நம்பியிருந்தது இதே பழைய அமெரிக்கப் பாடல்களைத்தான். எம்டிவி இளைஞர்களுக்காகவும் அவர் பாட்டை மாற்றிக்கொள்ளவில்லை. அந்தப் பிடிவாதம் எதன்மேல் நின்றது என்பதை இந்தத் தட்டு காட்டுகிறது.

இந்த இருவரின் எல்லாப் பதிவுகளையும் மாற்று ஒலிப்பதிவுகளோடு சேர்த்து 2009இல் ஒரு தொகுப்பு வந்திருக்கிறது. முதலில் மூல ஒன்பதைக் கேளுங்கள். அவை பிடித்திருந்தால், 1976இல் இருவரும் பதிவுசெய்த இரண்டாம் தட்டுக்காகவே அந்தத் தொகுப்பை வாங்கலாம்.