வில்லா-லோபோஸின் எட்யூட்களும் மின்யோனேயின் வால்ஸ்களும்

கிளாசிக்கல் கிட்டாரில் தொடக்கநிலைப் பாடங்களைக் கடந்து பிரேசில் இசையின் பக்கம் திரும்பும் மாணவருக்குப் பெரும்பாலும் முதலில் கிடைப்பவை, அந்நாட்டு இசையமைப்பாளர் வில்லா-லோபோஸ் 1920களில் எழுதி 1953இல் பாரிஸில் அச்சேறிய பன்னிரண்டு எட்யூட்கள், அதாவது பயிற்சி உருப்படிகள்தாம். இன்னொரு பிரேசில் இசையமைப்பாளரான பிரான்சிஸ்கோ மின்யோனே 1970இல் பன்னிரண்டு மைனர் சுருதிகளுக்கும் (சோகச் சாயலுள்ள சுர அமைப்புகள்) ஒவ்வொன்றாக எழுதிய வால்ஸ்கள் (மூன்று தட்டு நடன இசைத் துண்டுகள்) பெயரளவில் பயிற்சிகள் அல்ல. அதே காலத்தில் அவர் பன்னிரண்டு எட்யூட்களையும் எழுதினார். ஆயினும் இசையறிவை வளர்ப்பதில் வில்லா-லோபோஸுக்கு ஈடாக வைக்கத்தக்கவை வால்ஸ்களே என்பது என் கணிப்பு.

வில்லா-லோபோஸ் ரியோ டி ஜெனீரோவில் ஷோரோ என்னும் நகர்ப்புற மக்களிசையை வாசித்த கலைஞர்களோடு கிட்டார் வாசித்துப் பழகியவர். அந்தப் பழக்கம் எட்யூட்களில் அப்படியே தெரிகிறது. முதல் எட்யூடில் வலக்கை ஒரே ஆர்பெஜியோ (இசைவின் சுரங்களை ஒவ்வொன்றாக மீட்டுதல்) வரிசையைக் கிட்டத்தட்ட இறுதிவரை விடாமல் மீட்டுகிறது. நடுப்பகுதியிலோ இடக்கை நடுவிலுள்ள நான்கு தந்திகளில் பிடித்த ஒரே வடிவத்தைக் கட்டை கட்டையாக (ஃப்ரெட் ஃப்ரெட்டாக) கீழிறக்க, மேலும் கீழும் உள்ள இரண்டு ஈ தந்திகளும் திறந்தே, அதாவது விரலால் அழுத்தப்படாமல், ஒலிக்கின்றன. தாளில் கடினமாகத் தோன்றும் இந்த இசைவுகள் கைக்கு எளியவை, ஏனெனில் அவை தந்திப்பலகையிலேயே பிறந்தவை. விரல் வலிமைக்கும் சீரான ஓசைக்கும் இதைவிடச் சிறந்ததை நான் அறியேன். ஆனால் சுரங்களின் பெயரே தெரியாமல், வடிவத்தை மட்டும் மனப்பாடம் செய்து இதை வாசித்துவிடவும் முடியும். இந்தத் தொகுப்பின் குறை அதுதான்.

மின்யோனே இளமையில் சாவ் பாவ்லோவில் புல்லாங்குழலும் பியானோவும் வாசித்தவர். பியானோவுக்கும் இவ்வாறே பன்னிரண்டு மைனர் வால்ஸ்களை முன்பே எழுதியிருந்தார். பியானோவில் எல்லாச் சுருதிகளும் கைக்கு எட்டும். கிட்டாரிலோ, எடுத்துக்காட்டாக, பி பிளாட் மைனரின் இயல்பு வரிசையில் திறந்த தந்தி ஒன்றுகூட அடங்குவதில்லை. ஆகவே ஒவ்வொரு சுரத்தையும் அழுத்தியே எழுப்ப வேண்டும். மெலடி அறுபடாமல் இருக்க எந்த விரலை எவ்வளவு நேரம் விட்டுவைப்பது என்பதைக் காது தீர்மானித்தாக வேண்டும். வடிவ மனப்பாடம் இங்கே கைகொடுக்காது.

பிரேசிலின் மற்றோர் இசையமைப்பாளர் ரடமேஸ் நியாட்டாலியின் பத்து எட்யூட்களும் (1967) உண்டு. ஆனால் நகர்ப்புறத் தாளத்தின் அழுத்தங்கள் ஓரளவு பழகியபின் அவற்றை எடுப்பதே பயன் தரும்.

இவற்றுக்கு ஆறு மாத நேரம் மட்டுமே ஒதுக்க முடிந்த ஒருவர், காலையில் முதல் எட்யூடை மெதுவாக மீட்டி, மாலையில் ஒரே ஒரு வால்ஸின் எட்டு அளவுகளுக்கு (பார்கள்) தாமே விரலமைப்பு எழுதிப் பார்க்கலாம். அச்சிட்ட விரலெண்களை அதன்பிறகு ஒப்பிட்டால் போதும்.