கலப்புப் பின்னக் கழித்தல்: தகா பின்னமா, கடன் வாங்கலா?

பகுதி (கீழ் எண்) ஒரே எண்ணாக இருக்கும் பின்னங்களைக் கழிப்பதில் பெரிய சிக்கல் இல்லை. 7/8-இல் 3/8 போனால் 4/8, அதாவது ½. தொகுதியை (மேல் எண்ணை) கழி, பகுதியைத் தொடாதே. கோத்தகிரியில் மாலை டியூஷனுக்கு என்னிடம் வரும் ஐந்தாம், ஆறாம் வகுப்புப் பிள்ளைகள் இதுவரை தடையில்லாமல் வந்துவிடுவார்கள். முழு எண்ணும் பின்னமும் சேர்ந்த கலப்புப் பின்னம் வந்ததும்தான் முழிப்பார்கள்.

நான் வழக்கமாகக் கொடுக்கும் கணக்கு: ஒரு அக்கா ஒரு நாளில் 37¼ கிலோ பச்சைத் தேயிலை பறித்தார். மதியம் வரை எடை போட்டது 18¾ கிலோ. மதியத்துக்கு மேல் எவ்வளவு? காலிலிருந்து முக்கால் போகாது. அப்போது என்ன செய்வது?

தகா பின்னமாக, அதாவது மேல் எண் கீழ் எண்ணைவிடப் பெரிதாக இருக்கும் பின்னமாக மாற்றலாம். 37-ஐ நான்கால் பெருக்கி 1-ஐக் கூட்டினால் 149/4; அதே மாதிரி 18¾ என்பது 75/4. 149/4 − 75/4 = 74/4; வகுத்தால் 18 2/4, அதாவது 18½ கிலோ. எல்லாக் கணக்குக்கும் ஒரே பாதை, யோசிக்கத் தேவையில்லை. பின்னப் பெருக்கலுக்கும் வகுத்தலுக்கும் இந்தப் பழக்கம் எப்படியும் வேண்டும். வாய்ப்பாடு சரளமாக வரும் பிள்ளைக்கு இதுவே போதும்.

ஆனால் நான் சொல்லிக்கொடுப்பது கடன் வாங்கும் வழியைத்தான். 37-இல் ஒரு கிலோவை எடுத்து நான்கு காலாக உடைத்தால், ஏற்கெனவே இருக்கும் காலோடு சேர்த்து 36 5/4. ஐந்து காலில் மூன்று கால் போக 2/4; 36-இல் 18 போக 18. முடிந்தது. பெரிய பெருக்கலும் கிடையாது, கடைசியில் வகுத்தலும் கிடையாது.

எண்கள் சின்னதாக இருப்பது வசதிதான். நான் பார்ப்பது வேறொன்று: பிள்ளை தப்பு செய்தால் அது நோட்டில் கண்ணுக்குத் தெரிகிறதா? முதல் வழியில் 37-ஐ நான்கால் பெருக்கிவிட்டு 1-ஐக் கூட்ட மறந்தால் விடை 18¼. பார்க்கச் சரியான விடை போலவே இருக்கும். எங்கே சறுக்கியது என்று தேட முழுக்கணக்கையும் திரும்பப் போட வேண்டும். கடன் வழியிலும் தப்பு வரும், ஒரே மாதிரித் தப்பு. முழு எண் கழித்தல் பழக்கத்தில் பத்தைக் கடன் வாங்கி 36 11/4 என்று எழுதிவிடுவார்கள். விடை 20 கிலோ. அழகான முழு எண் வந்த சந்தோஷத்தில் நோட்டை நீட்டுவார்கள். அந்த 11 மட்டும் பளிச்சென்று தெரியும். “ஒரு கிலோவில் எத்தனை கால் கிலோ கண்ணு?” என்று கேட்டால் போதும், தானே அடித்து 5 என்று திருத்துவார்கள். அப்புறம் 5⅛ − 2⅝ கொடுத்தால் எட்டைக் கடன் வாங்கி 4 9/8 என்று எழுத வேண்டும் என்பது பெரும்பாலோருக்குச் சொல்லாமலே வந்துவிடுகிறது.

மூன்றாவதாக, கடைக்காரர் சில்லறை எண்ணுவது போல மேலே கூட்டிப் போகும் வழி: 18¾-இலிருந்து 19-க்கு ¼, அங்கிருந்து 37-க்கு 18, அப்புறம் ஒரு ¼. மொத்தம் 18½. மனக்கணக்குக்கு அருமை. பரீட்சைத் தாளில் படிப்படியாக எழுத இதை நான் அதிகம் பழக்கியதில்லை, அதனால் அங்கே எப்படி எடுபடும் என்று உறுதியாகச் சொல்ல மாட்டேன். எட்டாம் வகுப்புக்கு மேல், எழுத்துகள் கலந்த பின்னங்களில் கடன் வழி அவ்வளவு கைகொடுக்காது என்று நினைக்கிறேன். அந்த வகுப்புகளுக்கு நான் எடுப்பதில்லை.

முழு எண் சின்னதாக இருந்தால், உதாரணமாக 2 1/7 − 1 4/7, எந்த வழியும் ஒன்றுதான். 15/7 − 11/7 என்று போட்டாலும் 4/7, கடன் வாங்கினாலும் 4/7. அங்கே பிள்ளை இஷ்டம், நான் குறுக்கே போவதில்லை.