இடக்கைக்காரனுக்கு ஏற்ற .22 றைபிள்: சவேஜ் மார்க் 2 ஜீ.எல்.

ஏடு தொடக்கிய அன்று அரிசியில் இடது கை விரலை வைத்துவிட்டேன் என்று அம்மம்மா கையைப் பிடித்து மாற்றிவிட்டாராம். அன்றிலிருந்து எழுதுவதும் உண்பதும் வலது கையால்தான். கல்லெறிவதும் சுத்தியல் அடிப்பதும் மட்டும் யார் சொல்லியும் மாறவில்லை. குறிபார்க்க முந்தும் கண்ணும் இடது பக்கம்தான் என்பது கனடாவின் ஒன்ராறியோவில் வேட்டைப் பயிற்சி வகுப்புக்குப் போனபோதுதான் தெரிந்தது. இரண்டு கைகளையும் நீட்டி, விரல்களுக்கு நடுவே சிறிய இடைவெளி விட்டு, அதன் வழியே தூரத்து மரம் ஒன்றைப் பார்க்கச் சொன்னார்கள். வலது கண்ணை மூடினேன், மரம் அப்படியே நின்றது. இடது கண்ணை மூடினேன், மரம் காணாமல் போய்விட்டது.

அப்படியிருந்தும் மூன்று குளிர்காலம் நண்பர் ஒருவரின் வலக்கை .22 றைபிளோடுதான் (குழலின் விட்டம் ஏறக்குறைய 0.22 அங்குலம்) அலைந்தேன். கட்டையை இடது தோளில் வைத்துச் சுடலாம், அதில் சிக்கல் இல்லை. சிக்கல் சுட்ட பிறகுதான். தோட்டாவைக் குழலுக்குள் தள்ளிப் பூட்டும் உலோகத் தண்டுக்குப் போல்ட் என்று பெயர், அதன் கைப்பிடி வலது பக்கம் இருக்கிறது. விசையில் இருக்கும் இடது கையை எடுத்து, குறிபார்க்கும் தொலைநோக்கியான ஸ்கோப்புக்கு மேலாக அந்தப் பக்கம் கொண்டுபோய், போல்டைத் தூக்கி இழுத்துத் தள்ள வேண்டும். அதற்குள் கன்னம் கட்டையை விட்டு எழும்பிவிடும், றைபிள் சாயும், இலக்கு ஸ்கோப்பை விட்டு நழுவிவிடும். இலக்குப் பலகை காத்திருக்கும், முயல் காத்திருக்காது. காயப்பட்ட முயல் ஒன்றை அப்படி நான் தவறவிட்டிருக்கிறேன். பனியில் சிவப்புப் புள்ளிகளைப் பின்தொடர்ந்து இருட்டும்வரை தேடியும் அது கிடைக்கவில்லை. இடக்கை றைபிள் வாங்கியே தீர வேண்டும் என்று முடிவெடுத்தது அன்றைக்குத்தான்.

தேடத் தொடங்கியபோதுதான் எங்களுக்கு எவ்வளவு குறைவாகச் செய்கிறார்கள் என்று புரிந்தது. ருகர் 10/22 உலகெங்கும் விற்கிறது, ஆனால் தோட்டாக்கூடு வலது பக்கம்தான் தெறிக்கும். ஹென்றி, பிரவுனிங் பி.எல்.22 போன்ற நெம்புகோல் றைபிள்கள் எந்தக் கைக்கும் ஓரளவு ஒத்துவரும். அன்ஷூட்ஸ் நிறுவனத்தின் இடக்கை றைபிள்கள் அருமையானவை, விலைதான் என் கைக்கு எட்டாது. நான் முதலில் போன கடையில், “வலது கையால் பழகிக்கொள்ளுங்கள், எல்லோரும் அப்படித்தான்” என்றார்கள். ஐந்து வயதில் கேட்ட அதே பேச்சு. கோபம் வந்தது, வேறு கடைக்குப் போனேன்.

அங்கே கிடைத்ததுதான் இந்த மார்க் 2 ஜீ.எல். வரியோடு சேர்த்து ஐந்நூறு டாலருக்குள் முடிந்தது. சவேஜ் அமெரிக்க நிறுவனம் என்றாலும் இந்த .22 றைபிள்கள் உருவாவது எங்கள் பீற்றர்பரோவுக்கு அருகிலுள்ள லேக்பீல்ட் என்ற சிற்றூரில். அங்கிருந்த லேக்பீல்ட் ஆர்ம்ஸ் தொழிற்சாலையை 1995இல் சவேஜ் வாங்கியது. என் வீட்டிலிருந்து காரில் போய்வரும் தூரத்தில் செய்த பொருள் என்பதில் எனக்குத் தனிச் சந்தோஷம் உண்டு.

வீட்டில் இதற்கு ஒப்புதல் பெற்றதைச் சொல்லாமல் விட முடியாது. யாழ்ப்பாணத்தில் வளர்ந்த எங்கள் இருவருக்கும் துப்பாக்கி என்ற சொல்லே வேறு பொருள் தருவது. இங்கே உரிம விண்ணப்பத்தில் வாழ்க்கைத்துணையின் கையெழுத்துக்கும் இடம் வைத்திருக்கிறார்கள். முதல்முறை விண்ணப்பிப்பவர் குறைந்தது 28 நாள் காத்திருக்க வேண்டும். மனைவி கையெழுத்திட அதைவிடக் கூடுதல் நாள் எடுத்தார். இரும்புப் பெட்டியில் பூட்டி வைப்பது, தோட்டாக்களை வேறு பெட்டியில் பூட்டுவது, சாவி என்னிடம் மட்டும் இருப்பது என்று பேசி முடித்த பிறகே இட்டார். அவர் எடுத்துக்கொண்ட நேரம் சரியானதுதான்.

இனி றைபிளுக்கு வருகிறேன். குழல் 21 அங்குலம், மொத்த எடை ஸ்கோப் இல்லாமல் ஏறக்குறைய இரண்டரைக் கிலோ. நாள் முழுதும் தோளில் தொங்கினாலும் உறுத்துவதில்லை. கட்டை சாதாரணக் கடின மரம். வால்நட் மரத்தின் அழகை எதிர்பார்ப்பவர்கள் கூடுதல் பணம் கொடுத்து வேறு பார்க்க வேண்டும். போல்ட் இடது பக்கம், கூடு வெளியேறும் வாயும் இடது பக்கம். .22 போன்ற ரிம்ஃபயர் தோட்டாவில் வெடிமருந்தைப் பற்றவைக்கும் கலவை அடிவிளிம்புக்குள் இருக்கிறது. அந்த விளிம்பு மெல்லியது, அரிதாகப் பிளந்தால் வாயு வாய் வழியே பீறிடும். வலக்கை றைபிளை இடது தோளில் வைக்கும்போது அந்த வாய் நம் முகம் இருக்கும் பக்கமே திறந்திருக்கிறது. பாதுகாப்புக் கண்ணாடி எப்படியும் போட்டே ஆக வேண்டும். ஆனாலும் இதில் வாய் முகத்துக்கு மறுபக்கம் இருக்கிறது என்ற நிம்மதி பெரியது.

விசையைப் பற்றி விரிவாகச் சொல்ல வேண்டும், இந்த விலைக்கு இதுதான் இதன் சிறப்பு. அக்யூட்ரிகர் என்று பெயர். விசையின் நடுவே மெல்லிய தகடு ஒன்று துருத்திக்கொண்டிருக்கும். விரல் முதலில் அதை அழுத்தி, பிறகே விசையை இழுக்கும். தகட்டைத் தொடாமல் விசையின் ஓரத்தை மட்டும் இழுத்தால் அது பூட்டிக்கொள்ளும், மறுபடி போல்டைத் தூக்கித்தான் விடுவிக்க வேண்டும். முதல் நாள் தடித்த கையுறையோடு இரண்டுமுறை இப்படிப் பூட்டிவிட்டேன். இப்போது விரல்நுனி வெட்டிய கையுறைதான் போடுகிறேன். இழுவையின் கனத்தை நாமே குறைத்துக்கொள்ளலாம். நான் மூன்று இறாத்தலுக்குச் சற்றுக் குறைவாக வைத்திருக்கிறேன். கண்ணாடிக் குச்சி ஒடிவதுபோல் சட்டென்று விடுபடுகிறது.

இலக்குத் திடலில் 50 மீற்றரில் மணல்மூட்டை மேல் வைத்துச் சுட்டேன். .22 றைபிள் ஒவ்வொன்றுக்கும் பிடித்த தோட்டா வேறு. கடையில் மலிவாகக் கிடைத்த ஒரு வகையில் பெட்டிக்கு இரண்டு மூன்று வெடிக்கவே இல்லை. மிச்சத்தை இனித் தொடமாட்டேன். சீ.சீ.ஐ. ஸ்டாண்டர்ட் வெலாசிட்டி என்ற தோட்டா இதற்கு நன்றாகப் பொருந்தியது. 40 கிறெயின் (ஏறக்குறைய 2.6 கிராம்) ஈயக் குண்டு, நொடிக்கு 1070 அடி, அதாவது ஒலியின் வேகத்துக்குக் கீழே. ஐந்து குண்டும் விழுந்த ஓட்டைகளைக் கனடிய ஒரு டாலர் நாணயத்தால் மூடிவிடலாம். அதிவேகத் தோட்டாவில் அந்த வட்டம் இரண்டு மடங்காக விரிந்தது. ஒலிம்பிக் 50 மீற்றர் பலகையில் பத்துக்கான வட்டம் 10.4 மில்லிமீற்றர்தான், அந்தப் போட்டிக்கான றைபிள் இதுவல்ல. கழக அளவில் படுத்தும் முழந்தாளிட்டும் சுட்டுப் பழக இது தாராளமாகப் போதும்.

கடுங்குளிரில் ஒரு பாடம் கற்றேன். போல்டுக்குள் எண்ணெய் இருந்தால் அது இறுகி, தோட்டாவைத் தட்டி வெடிக்கவைக்கும் ஊசியின் அடி மந்தமாகிவிடும். நவம்பர் பிறந்ததும் போல்டைக் கழற்றித் துடைத்து, கிட்டத்தட்ட உலர்ந்த நிலையில் மாட்டிவிடுங்கள்.

சென்ற பெப்ரவரியில் பீற்றர்பரோவுக்கு வடக்கே சீடர் மரச் சதுப்பொன்றில் நின்றேன். குளிரில் வெண்மையாகும் ஸ்னோஷூ முயல் தன் நிறத்தை நம்பி அசையாமல் உட்கார்ந்திருக்கும். உடல் தெரியாது. காதுநுனியின் கறுப்பும் கண்ணும் மட்டும் தெரியும். முப்பது மீற்றரில் அப்படி ஒன்றைக் கண்டேன். முதல் குண்டு நான் கவனிக்காத சுள்ளி ஒன்றில் பட்டுத் திசைமாறியது. முயல் இரண்டு தாவு தாவி மீண்டும் உட்கார்ந்தது. கன்னம் கட்டையிலேயே இருந்தது, கண் ஸ்கோப்பிலேயே இருந்தது, கை மட்டும் போல்டை மேலே தூக்கி இழுத்துத் தள்ளியது. இரண்டாவது குண்டு தலையில் பட்டது. அது துடிக்கவும் இல்லை. அந்தப் பழைய முயலை நினைத்துக்கொண்டேன்.

உரிக்கும்போது கையுறை போடுங்கள், முயலிலிருந்து துலரீமியா என்ற நோய் தொற்றக்கூடும். நன்றாக வேகவைத்து, யாழ்ப்பாணத்து மிளகாய்த்தூளும் தேங்காய்ப்பாலும் சேர்த்து இறக்கினால் வீட்டில் எல்லோரும் கேட்டு வாங்கிச் சாப்பிடுகிறார்கள், மனைவி உட்பட.

.22 சின்னதுதானே என்று யாரும் எண்ண வேண்டாம். தோட்டாப் பெட்டியிலேயே ஒன்றரை மைல் வரை ஆபத்து என்று அச்சடித்திருக்கிறார்கள். உறைந்த ஏரியிலும் இறுகிய நிலத்திலும் குண்டு பட்டுத் தெறித்துப் போகும். அணில் கிளையில் வானத்தைப் பின்னணியாகக் கொண்டு நின்றால் நான் சுடுவதில்லை, அது அடிமரத்தோடு ஒட்டும்வரை காத்திருப்பேன்.

ஒரு சிறு திருத்தம் செய்துகொண்டேன். நான் பொருத்திய ஸ்கோப் வளையங்கள் உயரமானவை, என் கழுத்தும் நீளம். அதனால் கன்னம் சரியாகப் படியவில்லை. கட்டையின் மேல் தோல்பட்டை ஒன்றைச் சுற்றித் தைத்தபின் கண் தானாகவே ஸ்கோப்புக்கு நேராக வந்தது. தாழ்ந்த வளையங்கள் வாங்குபவர்களுக்கு இது தேவைப்படாது.

வலக்கைப் பழக்கம் உள்ளவருக்கும் இடது கண் முந்துவது உண்டு, அவர்களும் இதை ஒருமுறை பார்க்கலாம். கடையில் காசு கொடுக்குமுன், காலியாக இருப்பதைச் சரிபார்த்து, கண்ணை மூடிக்கொண்டு பத்துமுறை தோளுக்குத் தூக்குங்கள். கண்ணைத் திறக்கும்போது பார்வை நேராக இருந்தால் வாங்குங்கள். இருப்பில் இல்லை, வரவழைக்க மாதக்கணக்காகும் என்று கடைக்காரர் சொன்னாலும் காத்திருங்கள். நான் நான்கு மாதம் காத்திருந்தேன்.